அண்டாவுக்கு இரண்டு கை சர்க்கரை

போன வாரம் பெட்டியும் கையுமாக வந்து இறங்கிய மாமியாரை மறந்திருக்க மாட்டீர்கள். மகளுக்கு ஏழாவது மாதம். ரத்தக் கொதிப்பு ஏறிக்கொண்டே போகிறது, இனிக் குளியலறைக்குத் தவிர வேறு எதற்கும் கட்டிலை விட்டு இறங்கக் கூடாது, மனதுக்குப் பதற்றம் ஆகவே ஆகாது என்று டாக்டர் கண்டிப்பாகச் சொல்லிவிட்டார். மகள் போன் செய்தாள். மாமியார் தான் வேலை பார்க்கும் நீதிமன்றத்துக்கு லீவு சொல்லிவிட்டு அடுத்த பஸ்ஸைப் பிடித்தார்.

வந்து நாலு நாளாகிறது. இந்த நாலு நாளில் மாமியாரும் மாப்பிள்ளையும் நேருக்கு நேர் ஒரு வார்த்தை பேசிக்கொள்ளவில்லை.

சண்டை என்று சொல்ல முடியாது. சண்டை போடுவதற்காவது பேச வேண்டுமே. எல்லாம் மகள் வழியாகத்தான் நடந்தது.

"உங்கம்மாவுக்கு டீ வேணுமான்னு கேளு."

"இப்பத்தான் குடிச்சேன்னு சொல்லு."

இருவருக்கும் நடுவில் மகளின் கட்டில். அந்தச் சின்ன வீட்டில் அடுக்களையும் படுக்கையறையும் ஒட்டினாற்போல இருந்தன. கதவைத் திறந்து வைத்தால் அடுப்பில் நிற்பவருக்குக் கட்டிலின் கால்மாடு தெரியும். மகள் படுத்தபடியே இரண்டு பக்கமும் சேதி கடத்தினாள். அலுத்துப்போனால், "கேட்டுச்சில்ல? அதேதான்" என்பாள்.

காரணம் மூன்று வருடத்துப் பழசு. மகள் வெளியூரில் விடுதியில் தங்கி மருந்தாளுநர் படிப்பு படித்துக்கொண்டிருந்தாள். வகுப்பில் முதல் மார்க். கடைசி வருடத்தில் ஒருநாள், ஏ.சி.யும் ஃப்ரீஸரும் பழுது பார்க்கும் இந்த ஆளைக் கூட்டிக்கொண்டு வந்து வீட்டு ஹாலில் உட்கார வைத்தாள். படிப்பை விட்டுவிட்டதாகவும், இவரைக் கட்டிக்கொள்ளப் போவதாகவும் சொன்னாள். ஏன் விட்டாய் என்று கேட்டதற்கு மகள் வாய் திறக்கவில்லை. அவன்தான் சொன்னான்.

"அவ படிப்பை நிறுத்தினதுக்கு நான்தான் காரணம்."

அத்தோடு வழக்கு முடிந்தது. குற்றவாளியே ஒப்புக்கொண்ட பிறகு விசாரிக்க என்ன இருக்கிறது? மாமியார் கல்யாணத்துக்குப் போனார், நின்றபடியே வாழ்த்தினார், வந்துவிட்டார்.

நீதிமன்றத்தில் மாமியாருக்குச் சுருக்கெழுத்து வேலை. நீதிபதிக்குக் கீழே சின்ன மேசை. சாட்சி சொல்வதையும் வக்கீல் கேட்பதையும் ஒரு எழுத்து விடாமல் எடுக்க வேண்டும். அவர் கேள்வி கேட்கக் கூடாது. எத்தனையோ நாள் வக்கீல் விட்டுவிட்ட கேள்வி இவர் நாக்கு நுனியில் வந்து நிற்கும். விழுங்கிவிடுவார். அப்படி விழுங்கி விழுங்கியே எதைக் கேட்டாலும் அதன் பின்னால் என்ன இருக்கிறது என்று துருவுகிற புத்தி அவருக்குள் ஒரு பூனை மாதிரி வளர்ந்திருந்தது.

ஞாயிற்றுக்கிழமை காலையில் மகள் கண்ணைத் திறந்ததும் திறக்காததுமாகச் சொன்னாள்.

"எனக்கு பாஸ்தா வேணும். சாசேஜ் உதிர்த்துப் போட்ட தக்காளி சாஸோட. வீட்டுல பண்ணணும். பாட்டில் சாஸ் வாங்கிட்டு வந்தீங்கன்னா ஜன்னல் வழியா வீசிடுவேன்."

தனியாக இருக்கும்போது அவள் புருஷனை 'நீ' என்பாள். அம்மா காதுக்கு மட்டும் 'நீங்க'. சுவர் மெல்லியது என்பதால் மாமியாருக்கு இரண்டுமே தெரியும்.

"உப்பு ஆகாதுன்னு டாக்டர் சொன்னாரில்ல?" என்றார் மாமியார்.

"கேட்டுட்டேன்மா. ஒரு நாளைக்குக் கொஞ்சமா சாப்பிடலாமாம். சாசேஜ்லயே உப்பு இருக்கும், தனியா ஒரு கல் கூடப் போட வேண்டாம்."

மாப்பிள்ளை பையை எடுத்துக்கொண்டு கிளம்பினான். வாசல்வரை போனவனை மகள் கூப்பிட்டு நிறுத்தினாள்.

"புகை போட்ட சாசேஜ் வேண்டாம். பச்சையா இருக்கறது. அழுத்தினா விரல் உள்ள போகணும். தக்காளி நல்லா கனிஞ்சது, அடிபட்டிருந்தாலும் பரவாயில்ல. காயா இருக்கறது வேண்டவே வேண்டாம்."

மாமியார் தேநீர் டம்ளரை வாய்க்குக் கொண்டுபோனவர் அப்படியே நிறுத்தினார். சுடுதண்ணீர் வைக்கப் போய் பாத்திரத்தைக் கருக்கிவிட்டு வந்து நின்ற பெண் இவள். அழுத்தினால் விரல் உள்ளே போக வேண்டும் என்று எப்போது கற்றுக்கொண்டாள்?

கல்யாணத்துக்கு அப்புறம் கற்றிருப்பாள். அதில் என்ன அதிசயம். டம்ளரைக் காலி செய்துவிட்டு எழுந்தார்.

அடுக்களையில் இரண்டு பேர் நின்றால் மூன்றாவது ஆள் மூச்சுவிட முடியாது. மாமியார் தக்காளிப் பக்கம், மாப்பிள்ளை சாசேஜ் பக்கம். நடுவில் ஒரு முழம்.

கட்டிலில் இருந்து உத்தரவு வந்தது. "அம்மா, தக்காளி அடியில கத்தியால ஒரு கீறல். கொதிக்கிற தண்ணியில போடு. எல்லாத்தையும் ஒண்ணா கொட்டாதே, தண்ணி சூடு இறங்கிடும். கொஞ்சம் கொஞ்சமா. தோல் சுருண்டதும் எடுத்துப் பச்சைத் தண்ணியில போட்டா சட்டை கழட்டற மாதிரி கழண்டு வரும்."

அப்படியே கழன்று வந்தது. மாமியாருக்கு அது பிடித்துப் போயிற்று. ஒவ்வொன்றாக உரித்துக் கிண்ணத்தில் போட்டார்.

மாப்பிள்ளை சாசேஜின் தோலைக் கத்தி முனையால் நீளவாக்கில் கீறி, உள்ளே இருந்ததை மட்டும் வழித்து எடுத்தான். பெரிய கை. ஆனால் அதில் அவசரம் இல்லை. அகலமான வாணலியில் போட்டு மரக்கரண்டியால் உதிர்த்துவிட்டான். சற்று நேரத்தில் கொழுப்பு இளகிச் சடசடவென்று பேச ஆரம்பித்தது.

"எண்ணெய் ஊத்தலையான்னு கேளு உன் வீட்டுக்காரரை."

"அதுவே விடும், வேண்டாம்னு சொல்லு உங்கம்மாகிட்ட."

"நான் எதுக்குச் சொல்லணும், ரெண்டு பேருக்கும் காது நல்லாத்தானே இருக்கு" என்றாள் மகள். கொஞ்சம் பொறுத்து, "இப்ப வெங்காயத்தைப் போடுங்க" என்றாள்.

மாப்பிள்ளை வாணலியைப் பார்த்தான். "இன்னும் சிவக்கலையே."

"சத்தம் மாறிடுச்சு. தண்ணி வத்திடுச்சு, இனி சீக்கிரம் சிவக்கும். போடுங்க."

மாமியார் எட்டிப் பார்த்தார். கறியின் ஓரங்கள் பொன்னிறமாகத் திரும்பிக்கொண்டிருந்தன. படுக்கையில் கிடந்தபடி, கண்ணால் பார்க்காமல், சத்தத்தை வைத்தே சொல்லிவிட்டாள்.

இது கல்யாணத்துக்கு அப்புறம் கற்றது இல்லை. இரண்டு பேருக்குச் சமைக்கிற வீட்டில் இந்தக் காது வராது.

வெங்காயம் போயிற்று. பூண்டு போயிற்று. ஒரு ஸ்பூன் சோம்பை மாமியாரே நசுக்கிக் கொடுத்தார். தக்காளியைக் கையால் பிசைந்து ஊற்றியதும் வாணலி ஒரு தடவை சீறி அடங்கியது. தீயைக் குறைத்தார்கள். வீடு முழுக்க வாசனை. மகளின் குரல் மெல்லத் தளர்ந்தது. மாத்திரை போட்டிருந்தாள், தூக்கம் சொக்கியது.

"சர்க்கரை எவ்வளவு போடணும், பாப்பா?"

"ரெண்டு கை…"

"எவ்வளவு?"

"அண்டாவுக்கு ரெண்டு கை. அதுக்கு மேல போட்டா திட்டுவாரு…"

மாமியார் சர்க்கரை டப்பாவைக் கையில் வைத்துக்கொண்டு நின்றார். "எந்த அண்டாவுக்கு?"

கட்டில் கிறீச்சிட்டது. "சிட்டிகை. ரெண்டு சிட்டிகைன்னுதான் சொன்னேன்" என்றாள் மகள், இப்போது தெளிவான குரலில். "சும்மா தூக்கத்துல உளறினேன்மா. போடு."

சாட்சி உளறினால் சாட்சியைப் பார்க்கக் கூடாது, பக்கத்தில் இருப்பவரைப் பார்க்க வேண்டும் என்பது மாமியார் அந்தச் சின்ன மேசையில் உட்கார்ந்து தெரிந்துகொண்டது. திரும்பி மாப்பிள்ளையைப் பார்த்தார். அவன் வாணலிக்குள் எதையோ தொலைத்துவிட்டவன் போலக் குனிந்து தேடிக்கொண்டிருந்தான். காது மடல் இரண்டும் சிவந்திருந்தன.

இரண்டு சிட்டிகை போட்டார்.

கொஞ்ச நேரத்தில் படுக்கையறையிலிருந்து சீரான மூச்சு கேட்டது. மாப்பிள்ளை போய்ப் பார்த்துவிட்டுக் கதவைப் பாதி சாத்திக்கொண்டு வந்தான்.

இப்போது நடுவில் யாரும் இல்லை. சாஸ் மட்டும் களக் களக் என்று குமிழி விட்டது.

"இது இன்னும் எவ்வளவு நேரம் கொதிக்கணுமோ" என்றார் மாமியார், அடுப்பைப் பார்த்து.

"எண்ணெய் பிரிஞ்சு ஓரமா நிக்கணுமாம்" என்றான் மாப்பிள்ளை, கரண்டியைப் பார்த்து.

மாமியாருக்குள் இருந்த பூனை எழுந்து முதுகை வளைத்தது. இங்கே நீதிபதி இல்லை, வக்கீல் இல்லை. கேட்காதே என்று சொல்ல யாரும் இல்லை.

"எங்க சமைச்சா?"

மாப்பிள்ளைக்குச் சட்டென்று புரியவில்லை. நேராகத் தன்னிடம் கேட்கப்பட்ட முதல் கேள்வி அது. "யாரு?"

"என் பொண்ணு. அண்டா வச்சு சமைக்கிற இடம் எது? திட்டுவாருன்னாளே, யாரு திட்டுவாரு?"

அவன் பாதிக் கதவைப் பார்த்தான். பிறகு தாழ்ந்த குரலில் சொன்னான். "பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னாடி ஒரு சாப்பாட்டுக் கடை. மத்தியானம் மட்டும்தான் திறப்பாங்க. இந்த பாஸ்தாவும் சாஸும்தான் அங்க பேரு போனது."

"லைப்ரரியில பார்த்துக்கிட்டதா சொன்னீங்க."

"அவ சொன்னா. நான் தலையாட்டினேன்."

"சரி. நிஜமா எப்படிப் பார்த்தீங்க?"

மாப்பிள்ளை கரண்டியால் சாஸை ஒரு சுற்றுச் சுற்றினான். "அந்தக் கடை ஃப்ரீஸர் நின்னு போச்சுன்னு கூப்பிட்டாங்க. கொளுத்தற வெயில். உள்ள இருக்கிற கறியெல்லாம் கெட்டுப்போயிடும்னு ஓனர் தலையில கையை வச்சுக்கிட்டு உட்கார்ந்திருக்காரு. இவ ஒருத்திதான் எதிர்க் கடையில ஐஸ் கட்டி வாங்கிட்டு வந்து, சாசேஜையெல்லாம் துணியில சுத்தி, வாளியில அடுக்கிக்கிட்டிருந்தா. நான் வாசல்ல நின்னு பார்த்துக்கிட்டே இருந்தேன் போல. 'என்னைப் பார்த்தது போதும், மெஷினைப் பாருங்க'ன்னா."

மாமியாருக்குச் சிரிப்பு வந்தது. அடக்கிக்கொண்டார். அது அவரே சொல்லக்கூடிய வார்த்தை.

"சரி பண்ணிட்டு வந்துட்டீங்க."

"வந்துட்டேன். அப்புறம் ரெண்டு மூணு தடவை போனேன்."

"மறுபடி ரிப்பேரா?"

"ஃப்ரீஸர் நல்லாத்தான் ஓடிச்சு" என்றான் அவன்.

தக்காளி கொதிக்கிற சத்தம் கொஞ்சம் கனத்தது. இருவரும் கவனிக்கவில்லை.

"காலேஜுக்குப் போயிக்கிட்டே அங்க வேலை பார்த்தாளா?"

அவன் கரண்டியைச் சுற்றிக்கொண்டே இருந்தான்.

"மாப்பிள்ளை."

அந்தச் சொல்லை மாமியார் அவனைப் பார்த்துச் சொன்னது அதுதான் முதல் தடவை. அவன் கரண்டியை வாணலியின் விளிம்பில் சாய்த்து வைத்தான்.

"நான் பார்க்கும்போதே காலேஜை விட்டுட்டா அத்தை. விட்டு ஏழெட்டு மாசம் ஆகியிருந்துச்சு."

அந்த மாதங்களிலெல்லாம் மாமியார் ஞாயிறு தவறாமல் போன் பேசியிருக்கிறார். க்ளாஸ் எப்படிப் போகுது என்பார். நல்லாப் போகுதும்மா என்பாள். பின்னால் பாத்திரம் உருளுகிற சத்தம் கேட்கும். விடுதி மெஸ்ஸில் இருக்கிறாள் என்று இவர் நினைத்துக்கொள்வார். கோர்ட்டில் கூட வேலை பார்ப்பவர்களிடம், பெண் இந்த வருடம் முடித்துவிடுவாள் என்று பெருமையடித்திருக்கிறார். ஒவ்வொரு வார்த்தையிலும் ஓட்டை கண்டுபிடிக்கிற காது இந்த ஒரு குரலை மட்டும் அப்படியே நம்பியிருக்கிறது.

"அப்ப என் வீட்டு ஹால்ல உட்கார்ந்து, நான்தான் காரணம்னு சொன்னீங்களே."

"சொன்னேன்."

"பொய்."

"ஆமா."

"எதுக்கு?"

மாப்பிள்ளை கையை ஈரத்துணியில் துடைத்துக்கொண்டான். எப்படிச் சொல்வது என்று யோசிப்பது தெரிந்தது. "அவ கேட்டுக்கிட்டா, அது ஒண்ணு. அதுவுமில்லாம, உங்களுக்கு எப்படியும் என்னைப் பிடிக்கப் போறதில்ல. அதுல இன்னொரு காரணம் சேர்ந்தா எனக்கு என்ன வந்துடப் போகுது? ஆனா அவளுக்கு இருக்கறது நீங்க ஒருத்தர்தான் அத்தை. உங்க கோபம் அவமேல போயிட்டா அவ எங்க போவா?"

பொய்யாக மறுத்தவர்களை மாமியார் பக்கம் பக்கமாக எழுதியிருக்கிறார். செய்யாததைச் செய்தேன் என்று ஒப்புக்கொண்டவர்களும் வந்ததுண்டு. அவர்கள் எல்லோருமே பின்னால் யாரையோ மறைத்துக்கொண்டு நின்றவர்கள். இது தெரிந்தும், தன் வீட்டு ஹாலில் உட்கார்ந்திருந்த ஆளுக்குப் பின்னால் எட்டிப் பார்க்க அவருக்குத் தோன்றவில்லை. பார்க்க விருப்பமில்லை என்பதுதான் சரி.

"மூணு வருஷம்" என்றார்.

"பரவாயில்ல அத்தை."

"உங்களுக்குப் பரவாயில்லாம இருக்கலாம். எனக்குப் பரவாயில்லைன்னு நான் சொல்லலையே."

அப்போதுதான் மூக்கில் ஏறியது.

"அடிப்பிடிக்குது" என்று இருவரும் ஒரே சமயத்தில் சொன்னார்கள்.

மாப்பிள்ளை கரண்டியை எடுத்துக் கிளறப் போனான். மாமியார் அவன் மணிக்கட்டைப் பிடித்து நிறுத்தினார். "சுரண்டாதீங்க. சுரண்டினா எல்லாத்துலயும் கருகல் ஏறிடும். மேலாக வேற பாத்திரத்துல சாய்ச்சிடலாம். தூக்குங்க, நான் பிடிச்சுக்கறேன்."

அவன் வாணலியைத் தூக்கிச் சாய்த்தான். மாமியார் கீழே பாத்திரத்தை ஏந்தினார். சிவப்பாக, கெட்டியாக, ஓரத்தில் எண்ணெய் மினுங்க சாஸ் இறங்கியது. அடியில் ஒட்டிய கருப்புப் படலம் வாணலியோடு நின்றுவிட்டது. மாமியார் கரண்டி நுனியில் தொட்டு நாக்கில் வைத்தார். புளிப்பு, அதன் பின்னால் கறியின் கனம், கடைசியில் சோம்பின் குளிர்ச்சி. கருகல் இல்லை. கரண்டியை அவனிடம் நீட்டினார். அவனும் பார்த்துவிட்டுத் தலையசைத்தான்.

பாஸ்தாவுக்குத் தண்ணீர் வைத்துக்கொண்டே மாமியார் அடுத்ததைக் கேட்டார். பூனை இன்னும் படுக்கவில்லை.

"எதுக்கு விட்டா?"

"தெரியாது."

"இதுவும் அவ சொல்லச் சொன்னதா?"

"இல்ல அத்தை, சத்தியமாத் தெரியாது. கல்யாணமான புதுசுல ஒரே ஒரு தடவை கேட்டேன். எழுந்து போய் பால்கனியில நின்னுட்டா. அன்னிக்கு முழுக்கச் சாப்பிடல. அப்புறம் நான் கேக்கல." அவன் குரலை இன்னும் தாழ்த்தினான். "நீங்களும் இப்ப கேக்காதீங்க. இன்னும் ரெண்டு மாசம் இருக்கு. டாக்டர் சொன்னது ஞாபகம் இருக்கில்ல?"

முதல் மார்க் வாங்கிய பெண். கடைசி வருடம். காதலும் காரணம் இல்லை. பிறகு என்ன? கேள்வி நாக்கு நுனியில் வந்து நின்றது. வழக்கமாக விழுங்குகிற மாதிரிதான். ஆனால் கோர்ட்டில் விழுங்கியது எதுவும் அவர் பெற்ற பெண்ணைப் பற்றியதில்லை.

"கேக்கல" என்றார்.

குழாய் பாஸ்தாவை வடித்து, சாஸில் புரட்டி, வடித்த தண்ணீரில் ஒரு கரண்டி விட்டுத் தளர்த்தினார்கள். மாமியார் தட்டை எடுத்துக்கொண்டு உள்ளே போனார். மகள் விழித்திருந்தாள். தலையணையை முதுகுக்கு முட்டுக் கொடுத்து உட்கார வைத்தார். முதல் வாயை அவள் மெதுவாக மென்றாள். கண்ணை மூடிக்கொண்டாள்.

"சோம்பு ஒரு துளி அதிகம். மத்தபடி அதேதான்."

எதைப் போல அதே என்று மாமியார் கேட்கவில்லை. கட்டில் ஓரமாக உட்கார்ந்து போர்வையின் சுருக்கத்தை நீவினார். நீவிய இடத்தையே திரும்பவும் நீவினார்.

மகள் பாதித் தட்டைக் காலி செய்துவிட்டுக் கேட்டாள். "அவரை மாப்பிள்ளைன்னு கூப்பிட்டே."

"தூங்கலையா நீ?"

"தூங்கினேன். ஃப்ரீஸர் நல்லாத்தான் ஓடிச்சுன்னு சொன்னாரே, அங்க முழிச்சுக்கிட்டேன்."

மாமியார் அவள் முகத்தைப் பார்த்தார். வெளுத்துப்போகவில்லை, வீங்கவுமில்லை. வாயோரத்தில் சாஸ் ஒட்டியிருந்தது. "நான் ஒண்ணும் கேக்கலை, பாப்பா. நீ சாப்பிடு."

"நீ கேக்காம போர்வையை இஸ்திரி போட்டுக்கிட்டு உட்கார்ந்திருந்தாத்தான் எனக்கு ரத்தக் கொதிப்பு ஏறும்மா." சொல்லிவிட்டு மகள் தட்டை மடியில் இறக்கி வைத்தாள். "நான் படிப்பை விடல. விட வச்சாங்க."

அடுக்களையில் கருகிய வாணலியில் தண்ணீர் விழுந்துகொண்டிருந்த சத்தம் நின்றது.

யார் என்று கேட்கத்தான் மாமியாரின் வாய் போயிற்று. கேட்கவில்லை. எழுந்து கதவை முழுக்கத் திறந்தார்.

"மாப்பிள்ளை, உள்ள வாங்க. இதை நீங்களும் இருந்து கேக்கணும்."

அவன் ஈரக் கையோடு வந்து நின்றான். இரண்டு பேர் முகத்தையும் மாறி மாறிப் பார்த்தான். மேசை டிராயரைத் திறந்து ரத்தக் கொதிப்பு பார்க்கும் கருவியை எடுத்தான். மனைவியின் கையில் பட்டையைச் சுற்றினான்.

"இதெல்லாம் எதுக்குப்பா இப்ப?" என்றாள் மகள்.

"முதல்ல இது. அப்புறம் கதை. நடுவுல ஏறிச்சுன்னா நிறுத்திடணும். சம்மதமா?"

"நீ ஒருத்தன்" என்றாள் அவள். அம்மா எதிரில் 'ங்க' விட்டுப்போனதை யாரும் பொருட்படுத்தவில்லை.

பொத்தானை அழுத்தினான். பட்டை உப்பி இறுகியது. மாமியார் மகளின் இன்னொரு கையைப் பிடித்துக்கொண்டார். மூன்று பேரும் அந்தச் சின்னத் திரையையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். பட்டை மெல்லக் காற்றை விட்டது. எண் வந்து நின்றது. மாப்பிள்ளை குனிந்து படித்தான், மாமியாரும் எட்டிப் படித்தார்.

நேற்றைவிடக் குறைவு.

"சரி" என்றார் மாமியார். "இப்ப சொல்லு."